சிறையா கியோர்கி ஜ்ஜோனவை நடிகராக்கியது?

சோவியத் இயக்குநர் எல்தார் ரியசானவ் இயக்கிய ‘ஜாக்கிரதை, கார்!’ (1966) படத்தில் ஒரு துரத்தல் வரும். கார் திருடனாக வரும் நடிகர் ஸ்மோக்துனோவ்ஸ்கி முன்னால் பறக்க, ஒரு போக்குவரத்துப் போலீஸ்காரர் மோட்டார் சைக்கிளில் விடாமல் துரத்துவார். அந்தப் போலீஸ்காரராக நடித்தவர்தான் கியோர்கி ஜ்ஜோனவ். இருவரும் அதற்கு முன்பே துருவ வட்டத்துக்கு வடக்கே இருக்கும் நரீல்ஸ்க் நகர நாடக அரங்கில் சேர்ந்து நடித்தவர்கள். ஜ்ஜோனவ் அங்கே விரும்பிப் போகவில்லை. கைது செய்து அனுப்பி வைத்தார்கள்.

‘சிறைதான் அவரைப் பெரிய நடிகராக்கியது’ என்று சிலர் உருகி எழுதுவதைப் படிக்கும்போது எனக்குக் கோபம்தான் வருகிறது. சிறைக்கு முன்பே அவர் நடிகர். 1915இல் பிறந்தவர், ‘சப்பாயெவ்’ (1934) படத்தில் நடித்தாயிற்று. அப்புறம் ஒரு படப்பிடிப்புக்காகத் தூரக் கிழக்குக்கு ரயிலில் போகும்போது ஓர் அமெரிக்கரோடு பழகினார். அதைக் காட்டியே உளவாளி என்று 1938இல் பிடித்தார்கள். வயது 23.

சைபீரியாவின் வடகிழக்கில் இருந்த கொலிமா கைதி முகாமில், வைட்டமின் சி இல்லாமல் வரும் ஸ்கர்வி நோயோடு கிடந்தபோது அம்மா அனுப்பிய பார்சல்கள் வந்திருப்பதாகத் தகவல் வந்தது. அவற்றை வாங்கப் பனியில் சுமார் பத்துக் கிலோமீட்டர் நடக்க வேண்டும். நடக்க முடியாமல் விழுந்தார். கூட வந்த அதிகாரி அவரைச் சறுக்குவண்டியில் வைத்து இழுத்துப் போனார். பார்சலுக்குள் இருந்த தின்பண்டமெல்லாம் ஒன்றோடொன்று உறைந்து ஒரே கட்டியாகியிருந்தது. பின்னாளில் இதை அவரே எழுதினார். இதில் நடிப்புப் பயிற்சி எங்கே இருக்கிறது? உயிர் பிழைத்ததே பெரிய விஷயம்.

1945இல் விட்டார்கள், 1949இல் மறுபடி பிடித்து நரீல்ஸ்குக்கு அனுப்பினார்கள். குற்றமற்றவர் என்று அறிவித்தபோது 1955 ஆகிவிட்டது. இருபதுகளிலும் முப்பதுகளிலும் ஒரு கதாநாயகன் செய்ய வேண்டிய வேடங்களில் பெரும்பகுதி அவருக்குக் கிடைக்கவே இல்லை.

உளவாளி என்று தண்டிக்கப்பட்டவரை நாடே கொண்டாடியது ஓர் உளவாளி வேடத்துக்காகத்தான். ‘ரெசிடென்டின் தவறு’ (1968) படத்தில் தூல்யெவ் என்ற உளவாளியாக வருகிறார்; வேற்று நாட்டில் ரகசியமாக இருந்து வேலை பார்க்கும் உளவாளியைத்தான் ரெசிடென்ட் என்பார்கள். குரலை உயர்த்தவே மாட்டார். எதிராளி பேசி முடிக்கும்வரை அப்படியே பார்த்துக்கொண்டிருப்பார், பயம் நமக்குத்தான் வரும். அதே பாத்திரத்தில் நான்கு படங்கள், கடைசிப் படம் 1986இல், 71 வயதில். 1980இல் சோவியத் ஒன்றியத்தின் மக்கள் கலைஞர் பட்டமும் வந்தது. 2005இல், 90 வயதில் இறந்தார்.

இந்தத் திறமை 1938லும் அவரிடம் இருந்தது என்றே நான் நம்புகிறேன். சந்தேகம் இருப்பவர்கள் ‘சப்பாயெவ்’ படத்தில் படையின் அரசியல் அதிகாரியான கமிசார் ஃபூர்மனவின் உதவியாளாக வரும் அந்தப் பையனைப் பாருங்கள்.