அவர் ஜெர்மன்காரர் இல்லை

முந்தாநாள் சுற்றிய, நடிகர் பிலிப் மேடக்கின் பழைய நகைச்சுவைக் காட்சி வீடியோவைப் பற்றித்தான். மேலே போட்டிருந்த வரியை நீங்களும் பார்த்திருப்பீர்கள்: "ஜெர்மன் நடிகர் கலக்கிய காட்சி". பிலிப் மேடக் ஜெர்மன்காரர் இல்லை. வேல்ஸ்காரர். 1934இல் மெர்தர் டிட்விலில் பிலிப் ஆர்வன் ஜோன்ஸாகப் பிறந்தவர். இதை அந்த வீடியோவின் கீழே பொறுமையாகத்தான் சொன்னேன். "அதனால் இப்போ என்ன?" என்று ஒருவர் கேட்டார். அதற்கு வரிசையாகச் சிரிப்புக் குறிகள்.

சரி, என்னவென்று சொல்கிறேன்.

இரண்டாம் உலகப் போர்க்கால ஊர்க்காவல் படையைப் பற்றிய பிரிட்டிஷ் நகைச்சுவைத் தொடர் 'டாட்ஸ் ஆர்மி'. அதில் அவர் ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பல் கேப்டனாக வந்தது 1973இல், ஒரே ஒரு எபிசோடில். கைதியாகப் பிடிபட்ட அந்தக் கேப்டன், பின்னால் பழிவாங்க வேண்டியவர்களின் பட்டியல் போட்டு மிரட்டுகிறான். பட்டியலில் சேர்க்க, அந்தப் படையில் இருக்கும் ஒரு பையனின் பெயரைக் கேட்கிறான். "சொல்லாதே, பைக்!" என்று படைத் தலைவர் மேன்வாரிங்கே பெயரை உளறிவிடுகிறார். நானும் எத்தனையோ தடவை சிரித்த காட்சி. மேடக்கின் முகத்தில் துளிக்கூடச் சிரிப்பு இல்லாததால்தான் நமக்கு அவ்வளவு சிரிப்பு வருகிறது. வியன்னாவில் படித்து, ஜெர்மன் மொழிபெயர்ப்பாளராக வேலை பார்த்தவர் அவர். அந்த உச்சரிப்பு சும்மா வரவில்லை.

ஆனால் அந்த ஒரு நிமிடம்தானா மனிதர்? 1971இல் 'தி லாஸ்ட் ஆஃப் தி மோஹிகன்ஸ்' தொடரில் வில்லன் மகுவா. 1976இல் 'டாக்டர் ஹூ' என்ற அறிவியல் புனைவுத் தொடரில், மார்பியஸ் என்ற கொடுங்கோலனின் மூளையைக் காப்பாற்றி வைத்திருக்கும் விஞ்ஞானி சோலன். 1981இல் பிபிசி தொடரில் பிரிட்டனின் முன்னாள் பிரதமர் லாயிட் ஜார்ஜாகவே வாழ்ந்தார். அப்புறம் 1994 முதல் 2002 வரை 'எ மைண்ட் டு கில்' தொடரில் துப்பறியும் அதிகாரி நோயல் பெய்ன். அந்தத் தொடரின் காட்சிகளை ஆங்கிலத்தில் ஒரு முறை, வேல்ஸின் மொழியான வெல்ஷில் ஒரு முறை என்று இரண்டு தடவை எடுத்தார்கள். ஒரே ஆத்திரத்தை இரண்டு மொழியில், இரண்டு தடவை கொண்டுவர வேண்டும். யோசித்துப் பாருங்கள்.

இங்கே, பிரிட்டனுக்கு வந்த புதிதில் ஒரு முதியோர் இல்லத்தில் இரவு வேலை பார்த்தேன். சுரங்கத்தில் வேலை செய்த தாத்தா ஒருவர் அந்தத் தொடரை வெல்ஷில்தான் பார்ப்பார். காது மந்தம், டிவிக்கு முட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பார். மேடக் பேசும்போது அவர் உதடும் கூடவே அசையும். டீ ஆறிப்போய் ஆடை படிந்திருக்கும், கை வைக்கமாட்டார். "நம்ம மெர்தர் பையன்" என்பார் என்னிடம்.

"ஒரு காட்சிக்காகவாவது ஞாபகம் வைத்திருக்கிறோமே, போதாதா?" என்கிறீர்கள். போதாது. "நடிகனுக்கு எதற்கு ஊர்?" என்கிறீர்கள். உங்கள் ஊர் நடிகரை வேறு ஊர்க்காரர் என்று எழுதினால் அன்றைக்கு இரவு தூங்குவீர்களா? பன்னிரண்டு வருடமாக இங்கே என் பெயரைச் சரியாகச் சொல்லாதவர்களும் "அதனால் என்ன?" என்றுதான் கேட்கிறார்கள். ஒவ்வொரு தடவையும் வலிக்கிறது. 2012இல் இறந்துபோனவர் வந்து திருத்த முடியாது, அதனால் நான் திருத்துகிறேன்.

இதை எழுதிவிட்டு மறுபடி போய்ப் பார்த்தேன். அந்த வரி அப்படியேதான் இருக்கிறது.