கேஷ் பாதி, காசு பாதி

(ஜார்ஜ் டவுனில் ஒரு மெஸ். கல்லாவில் அண்ணாச்சியின் மச்சான். ஓய்வுபெற்ற ஆங்கில வாத்தியார் தோசைக்குக் காத்திருக்கிறார்.)

அண்ணாச்சி: சார், கேஷ் என்பதே தமிழாம்! நம்ம காசைத்தான் வெள்ளைக்காரன் தூக்கிக்கொண்டு போய்க் கேஷ் ஆக்கிவிட்டானாம். வாட்ஸ்அப்பில் வந்தது.

வாத்தியார்: பாதி உண்மை அண்ணாச்சி.

அண்ணாச்சி: அதில் என்ன சார் ஹாஃப் பிளேட்? முழுசாகப் போடுங்க.

வாத்தியார்: இங்கிலீஷில் கேஷ் இரண்டு. ரொக்கம் என்கிற கேஷ், பணப்பெட்டிக்குப் பிரெஞ்சுக்காரர் சொல்லும் 'கெஸ்' என்பதிலிருந்து வந்தது. அதற்குத் தாத்தா லத்தீன் 'காப்சா'. முதலில் பெட்டிக்குத்தான் கேஷ் என்று பேர். அப்புறம் உள்ளே இருந்த பணத்துக்கும் அதுவே பேராகிவிட்டது.

அண்ணாச்சி: 'இன்றைக்கு நல்ல கல்லா' என்கிறோமே, அந்த மாதிரியா?

வாத்தியார்: அதே! மருந்து கேப்ஸ்யூல்கூட காப்சா வம்சம்தான்.

அண்ணாச்சி: அப்போ கேஸ் சிலிண்டர்?

வாத்தியார்: அது வேறு வம்சம்.

அண்ணாச்சி: போலீஸ் கேஸ்?

வாத்தியார்: அதுவும் வேறு. எல்லாக் கேஸையும் ஒரே ஸ்டேஷனில் பதியாதீங்க.

அண்ணாச்சி: நம்ம காசு எங்கே சார் போச்சு?

வாத்தியார்: அதுதான் இரண்டாவது கேஷ். போர்த்துகீசியர் நம்ம காசைக் காதில் வாங்கி, அவர்கள் ஊரில் பெட்டி என்று எழுதுகிற மாதிரியே எழுதிவைத்தார்கள். அவர்களிடமிருந்து ஆங்கிலேயருக்குப் போனது. கம்பெனி காலத்து மெட்ராஸ் கணக்கே காசுதான். 80 காசு ஒரு பணம், 42 பணம் ஒரு வராகன்.

அண்ணாச்சி: 42-ஆ! பாக்கிச் சில்லறை கொடுப்பதற்குள் இட்லி ஊசிப்போகுமே!

வாத்தியார்: ஒரு வராகனுக்கு 3,360 காசு. 1818-ல் ரூபாய்க்கு மாற்றினார்கள். 100 வராகனுக்கு 350 ரூபாய்.

அண்ணாச்சி: உங்க பழைய பாக்கியும் 350-தான் சார். 100 வராகன்! கேட்கவே கௌரவமாக இருக்கிறது.

வாத்தியார்: சீனாவுக்கு வாங்க அண்ணாச்சி.

அண்ணாச்சி: கடனைக் கேட்டால் சீனாவுக்கா?

வாத்தியார்: நடுவில் சதுர ஓட்டை போட்ட செம்புக்காசு அந்தக் காலத்தில் அங்கே இருந்தது. ஆயிரம் காசைக் கயிற்றில் கோத்துக் கணக்குப் பார்ப்பார்கள். அதற்கும் ஆங்கிலேயர் கேஷ் என்றே பேர் வைத்தார்கள். சீனர்கள் அப்படிச் சொன்னதே இல்லை, பாவம்.

அண்ணாச்சி: நம்ம காசு பேரில் சீனாவில் கணக்கா! இதை ஃபார்வர்ட் பண்ணியே ஆக வேண்டும். கேஷியரும் நம்ம ஆள்தானே?

வாத்தியார்: இல்லை, அவர் பெட்டிக் கேஷின் ஆள். ஆனால் அதே எழுத்தில், டச்சு வழியாக வந்த வேறொரு சொல்லும் இருக்கிறது. ராணுவ அதிகாரியின் பதவியைப் பறித்து, மானத்தை வாங்கி விரட்டுவதற்குக் 'கேஷியர் செய்வது' என்று பேர்.

அண்ணாச்சி: (கல்லாவைப் பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்தி) அப்போ ஒரு கேஷியரையே கேஷியர் செய்யலாமா?

வாத்தியார்: இலக்கணப்படி தாராளமாக.

அண்ணாச்சி: இலக்கணம் விட்டுவிடும் சார். அவன் அக்கா விட மாட்டாள்.