முதல் பேஸில் நின்ற ஓர்ட்டிஸ்

பாஸ்டன் ரெட் சாக்ஸ் அணிக்கு ஆடிய பேஸ்பால் வீரர் டேவிட் ஓர்ட்டிஸ் மட்டையை மட்டும் நம்பி வாழ்ந்தவர் என்று, அவரைப் பற்றி நான் படித்த ஒரு கட்டுரையை எழுதியவர் ஒரே வரியில் முடித்துவிட்டார். முக்கால்வாசி சரிதான். ஃபீல்டிங்குக்கு இறங்காமல் பேட்டிங் மட்டும் செய்யும் டெசிக்னேட்டட் ஹிட்டராகத்தான் பெரும்பாலும் ஆடினார்.

ஆனால் அமெரிக்க பேஸ்பாலின் இறுதித் தொடரான வேர்ல்ட் சீரிஸில், 2004இல் பாஸ்டனும் செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸும் மோதிய மூன்றாவது ஆட்டத்தை விட்டுவிட்டாரே! அப்போது இரண்டு லீக்குகளில் ஒன்றான நேஷனல் லீக்கின் மைதானங்களில் டெசிக்னேட்டட் ஹிட்டர் வசதி கிடையாது, பந்து எறியும் பிட்சரும் மட்டை பிடித்தாக வேண்டும். அதனால் அந்த லீக்கைச் சேர்ந்த செயின்ட் லூயிஸில், ரன் எடுக்க ஓடுபவர் வரிசையாகத் தொட வேண்டிய பேஸ்களில் முதலாவதில் ஓர்ட்டிஸை ஃபீல்டிங்குக்கு நிறுத்தினார்கள். மூன்றாவது இன்னிங்ஸ். தரையோடு உருண்ட பந்து இரண்டாவது பேஸ் பக்கம் நிற்கும் ஃபீல்டரான செகண்ட் பேஸ்மேனிடமிருந்து ஓர்ட்டிஸ் கைக்கு வந்தது, ஒரு அவுட். மூன்றாவது பேஸிலிருந்து கிளம்பிய கார்டினல்ஸ் பிட்சர் ஜெஃப் சுப்பான் ஓடுவதா திரும்புவதா என்று பாதி வழியில் தத்தளித்தார். ஓர்ட்டிஸ் பதறவில்லை. பந்தை நேராக மூன்றாவது பேஸுக்கு எறிந்தார், சுப்பானும் அவுட். பாஸ்டன் 4-1 என்று ஜெயித்தது. கையுறை மாட்டத் தெரியாத ஆள் செய்கிற வேலையா இது?

அப்புறம், இவரைத்தான் 2002 டிசம்பரில் பழைய அணியான மினசோட்டா வேண்டாம் என்று கழற்றிவிட்டது. மொத்தம் 541 ஹோம் ரன் (ஒரே அடியில் எல்லா பேஸையும் சுற்றி வந்து எடுக்கும் ரன்), மூன்று வேர்ல்ட் சீரிஸ் வெற்றி எல்லாம் சரி. எனக்கு வியப்பு 2016தான். நாற்பது வயதில், பாதம் வலிக்க வலிக்க, 38 ஹோம் ரன் அடித்துவிட்டு ஓய்வு பெற்றார். அந்த சீசனைப் பற்றித் தனியாகவே ஒரு கட்டுரை போடலாம்.