ரெனுவாரின் ‘சின்ன இரேன்’ படத்தைப் பகிர்கிறவர்களுக்கு

செம்பட்டைக் கூந்தல் இடுப்புவரை விரிந்து கிடக்க, வெளிர்நீல உடையில், கைகளை மடியில் கோத்தபடி உட்கார்ந்திருக்கும் ஒரு சிறுமி. இந்த ஓவியம் உங்கள் டைம்லைனிலும் எத்தனையோ முறை வந்திருக்கும். ‘ரெனுவார், 1880’ என்று பிரெஞ்சு ஓவியரின் பெயரோடு ஒரு வரி, கீழே வரிசையாக இதயக்குறிகள், அத்தோடு முடிந்துவிடும். அழகான படம்தான், அதில் எனக்கு மறுபேச்சே இல்லை. முகத்தை அவ்வளவு நுணுக்கமாக இழைத்தவர், உடைக்கும் பின்னால் இருக்கும் செடிகளுக்கும் வந்ததும் தூரிகையை இஷ்டத்துக்கு ஓடவிட்டிருக்கிறார், பார்த்துக்கொண்டே இருக்கலாம். ஆனால் அந்தப் பிள்ளைக்கும் அந்த ஓவியத்துக்கும் பிறகு என்ன நடந்தது என்று தெரிந்த பின்னால், வெறும் ‘ஆஹா, என்ன அழகு’ என்று போட்டுவிட்டுப் போக எனக்கு மனசு வரவில்லை.

சிறுமியின் பெயர் இரேன் காஹென் தான்வேர். பாரிஸில் வசித்த யூத வங்கிக் குடும்பம். அப்பா லூயி காஹென் தான்வேர். கலை விமர்சகர் ஷார்ல் எஃப்ருஸி சிபாரிசு செய்துதான் ரெனுவாருக்கு இந்த வேலை கிடைத்தது. இரேனுக்கு அப்போது எட்டு வயது. வீட்டுத் தோட்டத்தில் உட்கார வைத்து வரைந்தார். பெற்றோருக்குப் படம் பிடிக்கவில்லை. அடுத்து தங்கைகள் எலிசபெத், ஆலிஸ் இருவரையும் சேர்த்து ஒரே படமாக வரைய வைத்தார்கள். பேசிய 1,500 பிராங்க் கைக்கு வருவதற்குள் ரெனுவார் வெறுத்துப்போய், கடிதத்தில் அவர்களைக் கஞ்சர்கள் என்று எழுதினார். பின்னாளில் டிரைஃபஸ் என்ற யூத ராணுவ அதிகாரிமேல் பொய்யாகத் தேசத்துரோகம் சாட்டிய வழக்கின்போது அவர் யூதர்களைப் பற்றிப் பேசியது இன்னும் மோசம், அதையும் மறைக்க வேண்டியதில்லை.

இரேன் 1891-இல் மொயீஸ் தெ கமோந்தோ என்ற இன்னொரு யூத வங்கியாளரைத் திருமணம் செய்தார். நிசிம், பெயாத்ரிஸ் என்று இரண்டு பிள்ளைகள். அப்புறம் இத்தாலியப் பிரபு சம்பியேரியோடு போய்விட்டார், கத்தோலிக்கராக மதம் மாறினார். பிள்ளைகள் அப்பாவிடம் வளர்ந்தார்கள். நிசிம் முதல் உலகப்போரில் பிரான்ஸின் விமானப்படையில் இருந்தவர், 1917-இல் வான்சண்டையில் இறந்தார். மனமுடைந்த மொயீஸ், மகன் நினைவாகத் தன் மாளிகையை அதிலிருந்த கலைப்பொருள்கள் மொத்தத்தோடும் பிரெஞ்சு நாட்டுக்கு எழுதிக் கொடுத்துவிட்டு 1935-இல் காலமானார். இன்றைக்கும் பாரிஸில் மோன்சோ தெருவில் நிசிம் தெ கமோந்தோ அருங்காட்சியகமாக அது இருக்கிறது. அவருடைய உறவினர் ஈசாக் தெ கமோந்தோ அதற்கு முன்பே தன் இம்ப்ரெஷனிச ஓவியத் தொகுப்பை லூவ்ருக்குக் கொடுத்திருந்தார். அந்த நாட்டுக்கு அந்தக் குடும்பம் இதற்குமேல் என்ன கொடுக்க முடியும்?

சின்ன இரேனின் படம் மகள் பெயாத்ரிஸின் கைக்கு வந்து சேர்ந்திருந்தது. இரண்டாம் உலகப்போர் வந்ததும் பாதுகாப்புக்காக அரசு அருங்காட்சியகங்களின் பொருள்களோடு ஷாம்போர் கோட்டையில் வைத்தார்கள். 1941-இல் நாஜிகள் அங்கிருந்து அதை எடுத்துக்கொண்டு போனார்கள். பெயாத்ரிஸின் கணவர் லெயோன் ரெனாக் தேசிய அருங்காட்சியகங்களின் இயக்குநருக்குக் கடிதம் எழுதி முறையிட்டார். கமோந்தோ குடும்பம் பிரான்ஸுக்கு என்னவெல்லாம் கொடுத்தது என்பதையும் அதில் எடுத்துச் சொன்னார். ஒன்றும் நடக்கவில்லை. படம் ஹிட்லரின் வலதுகை கோரிங்கின் கைக்குப் போய், அங்கிருந்து ஒரு வியாபாரியிடம் பழைய ஓவியத்துக்குப் பண்டமாற்றாகக் கைமாறியது.

படம் போன பிறகு ஆட்களையும் பிடித்தார்கள். பெயாத்ரிஸ், லெயோன், பிள்ளைகள் ஃபானி, பெர்த்ரான் நால்வரும் பாரிஸுக்கு அருகில் இருந்த திரான்சி முகாமில் அடைக்கப்பட்டார்கள். 1943 நவம்பரில் லெயோனும் இரண்டு பிள்ளைகளும், 1944 மார்ச்சில் பெயாத்ரிஸும் நாஜிகளின் கொலைமுகாமான ஆஷ்விட்ஸுக்கு ரயிலேற்றப்பட்டார்கள். ஒருவர்கூடத் திரும்பவில்லை. தாத்தா கொடுத்த மாளிகை ‘தேசத்துக்காக உயிர்நீத்த’ மாமாவின் பெயரில் அருங்காட்சியகமாக நிற்கும்போதே, அதே ஊரிலிருந்து பேரப்பிள்ளைகளை அனுப்பினார்கள். இதைப் படிக்கும் ஒவ்வொரு முறையும் எனக்கு வயிறு எரிகிறது.

இரேன் மட்டும் பிழைத்துக்கொண்டார். போருக்குப் பின் மீட்கப்பட்ட ஓவியங்களை 1946-இல் பாரிஸின் ஒராஞ்சரி அருங்காட்சியகத்தில் காட்சிக்கு வைத்தபோது இந்தப் படமும் அதில் இருந்தது. மகளின் வாரிசாக அதைத் திரும்பப் பெற்ற இரேன், 1949-இல் விற்றுவிட்டார். வாங்கியவர் எமில் ப்யூர்லே. ஓர்லிகான் விமான எதிர்ப்புப் பீரங்கிகளை ஹிட்லரின் ஜெர்மனிக்கு விற்று, சுவிட்சர்லாந்திலேயே பெரிய பணக்காரரான அதே ப்யூர்லே. போர்க்காலத்தில் அவர் வாங்கிய படங்களில் 13 கொள்ளையடிக்கப்பட்டவை, திருப்பிக் கொடு என்று 1948-இல் சுவிஸ் நீதிமன்றமே சொன்னது. அப்படிப்பட்டவருடைய தொகுப்பில்தான் இந்தச் சிறுமி இருக்கிறாள், 2021 முதல் சூரிச்சின் குன்ஸ்ட்ஹவுஸ் கலை அருங்காட்சியகத்தின் புதுக் கட்டடத்தில்.

‘இது சட்டப்படி வாங்கியதுதானே, சொந்தக்காரியே விற்றதுதானே’ என்று கேட்கலாம். ஆமாம், வாங்கியது செல்லும். படத்தைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லி நான் கேட்கவில்லை. மகளைக் கொன்ற ஆட்சிக்குப் பீரங்கி விற்றுச் சேர்த்த பணம், அந்தத் தாயின் படத்துக்கு விலையாகத் திரும்பி வந்தது. இதைச் சொல்லாமல் ‘தொழிலதிபர், கலை ரசிகர்’ என்று ப்யூர்லேயை அறிமுகப்படுத்துவது அநியாயம் என்கிறேன், அவ்வளவுதான். இரேன் ஏன் விற்றார் என்று குறை சொல்பவர்களோடும் எனக்கு ஒப்புதல் இல்லை. 77 வயது, மகளும் இரண்டு பேரப்பிள்ளைகளும் போய்விட்டார்கள். அந்தப் படத்தைச் சுவரில் மாட்டிவைத்துத் தினமும் பார்த்திருக்க வேண்டும் என்று சொல்ல நாம் யார்?

ஆகவே, படத்தைத் தாராளமாகப் பகிருங்கள். ரெனுவாரின் பெயருக்குக் கீழே பெயாத்ரிஸ், லெயோன், ஃபானி, பெர்த்ரான் என்ற பெயர்களையும் எழுதுங்கள், இரண்டு வரி போதும். தங்கைகளின் படம் இப்போது சாவ் பாவ்லோ அருங்காட்சியகத்தில் இருக்கிறது, அதையும் நிறையப் பேர் பகிர்கிறார்கள். அதில் நீல நாடா கட்டிய எலிசபெத்தும் 1944-இல் ஆஷ்விட்ஸ் போகும் வழியில் இறந்தவர். அவரையும் விட்டுவிடாதீர்கள்.