மெடியாவை நிரபராதியாக்கத் துடிப்பவர்களுக்கு

தன்னைக் கைவிட்டுக் கொரிந்து நகரத்து இளவரசியை மணந்த கணவன் ஜேசனைப் பழிவாங்கத் தன் பிள்ளைகளையே கொன்றவளாக அறியப்படும் கிரேக்கப் புராணப் பெண் மெடியாவைப் பற்றிப் பேச்சு எழும்போதெல்லாம் ஒரு வாதம் தவறாமல் முன்வைக்கப்படுகிறது. அவள் தன் பிள்ளைகளைக் கொல்லவே இல்லை, கொன்றவர்கள் கொரிந்து நகரத்தார், அந்தப் பழியை அவள்மீது போட்டவர் பண்டைய கிரேக்க நாடகாசிரியர் யூரிப்பிடீஸ், ஆகவே அவளை அந்தப் பழியிலிருந்து மீட்பது இன்றைய எழுத்தாளரின் கடமை என்பது அந்த வாதம். இதைச் சொல்பவர்களின் அக்கறையை நான் மதிக்கிறேன். ஆனால் இந்த மீட்பு மெடியாவுக்குச் செய்யும் நன்மை அல்ல என்பதே என் உறுதியான கருத்து. அவளிடம் இருந்தவற்றில் மிகப் பெரியதை, அதாவது தான் செய்யப்போவது இன்னதென்று முழுவதும் அறிந்த ஒரு மனத்தை, அது அவளிடமிருந்து பறித்துவிடுகிறது.

முதலில் பழைய கதைகளைப் பார்த்துவிடலாம். யூரிப்பிடீஸுக்கு முன்பே மெடியாவின் பிள்ளைகள் கொரிந்தில் இறந்ததாகப் பல கதைகள் வழங்கின என்பது உண்மை. ஒன்றில், அவர்களைச் சாகாவரம் பெற்றவர்களாக்க வேண்டி ஹேரா தேவியின் கோயிலில் அவள் மறைத்து வைக்கிறாள். முயற்சி தவறிப் பிள்ளைகள் இறக்கிறார்கள். இன்னொன்றில், அரசனைக் கொன்றுவிட்டு ஏதென்ஸுக்குத் தப்பும் அவள் பிள்ளைகளை ஹேராவின் பீடத்தில் விட்டுச் செல்ல, அரசனின் உறவினர்கள் அவர்களைக் கொன்றுவிட்டுத் தாய்தான் கொன்றாள் என்று வதந்தி பரப்புகிறார்கள். கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் கொரிந்துக்குச் சென்ற பயண எழுத்தாளர் பௌசானியாஸ், அந்தப் பிள்ளைகளின் நினைவிடத்தைக் கண்டதையும், நகரத்தார் அவர்களைக் கல்லெறிந்து கொன்றதாக அங்கே வழங்கிய கதையையும் பதிவு செய்திருக்கிறார்.

கொரிந்தியர்களிடம் பணம் வாங்கிக்கொண்டு யூரிப்பிடீஸ் கதையை மாற்றினார் என்பது வேறு வகையான செய்தி. ஐந்து தாலந்து என்ற பெருந்தொகை கைமாறியதாகப் பழைய உரைக்குறிப்பு ஒன்று சொல்கிறது. நாடகம் மேடையேறிய ஆண்டு கி.மு. 431. அதற்கு முந்தைய ஆண்டுதான் பொட்டிடேயாவில் ஏதென்ஸும் கொரிந்தும் போர்க்களத்தில் மோதியிருந்தன. ஏதென்ஸின்மீது படையெடுக்கும்படி ஸ்பார்ட்டாவைத் தூண்டியவர்களில் முன்னணியில் நின்றவர்கள் கொரிந்தியர்களே. அப்படிப்பட்ட எதிரி நகரத்தின் நற்பெயருக்காக ஏதென்ஸின் மேடையில் ஒரு நாடகம் எழுதப்பட்டது என்பதை என்னால் ஏற்க முடியவில்லை. அந்த ஆண்டுப் போட்டியில் எஸ்கிலஸின் மகன் யூஃபோரியன் முதலிடமும் சோஃபக்ளீஸ் இரண்டாமிடமும் பெற, யூரிப்பிடீஸ் கடைசி இடத்துக்குத் தள்ளப்பட்டார். ஏதென்ஸ் மக்கள் கேட்க விரும்பியதை அவர் எழுதவில்லை என்பது அதிலேயே தெரிகிறது.

இதைவிட முக்கியமான ஒன்றை, மீட்பு வாதம் பேசுபவர்கள் கவனிப்பதாகத் தெரியவில்லை. பழைய கதையை யூரிப்பிடீஸ் அழிக்கவில்லை, நாடகத்துக்குள்ளேயே வைத்திருக்கிறார். தான் அனுப்பிய நஞ்சு தோய்ந்த ஆடையும் மகுடமும் இளவரசியைச் சென்றடைந்த பிறகு, பிள்ளைகளைப் பகைவர்கள் கையில் சிக்கிச் சீரழிய விடமாட்டேன் என்று மெடியா சொல்கிறாள். அரச குடும்பத்தார் பழிவாங்க வந்துவிடுவார்களே என்று அஞ்சிப் பிள்ளைகளைக் காப்பாற்றத்தான் ஜேசனும் இறுதியில் ஓடி வருகிறான். அதாவது, கொரிந்தியர்கள் பிள்ளைகளைக் கொல்லும் அந்தப் பழைய முடிவு, இன்னும் சிறிது நேரத்தில் நடக்கக்கூடிய ஆபத்தாக அரண்மனைப் பக்கமிருந்து நெருங்கிக்கொண்டிருக்கிறது. மெடியா அதை முந்திக்கொள்கிறாள். கடைசியில் தன் பாட்டனான சூரியனின் தேரில் நின்றபடி, பிள்ளைகளை ஹேராவின் கோயிலில் தன் கையாலேயே அடக்கம் செய்யப்போவதாகவும், அவர்களுக்காக இனி கொரிந்து நகரம் விழாவும் சடங்கும் நடத்தும் என்றும் அவளே அறிவிக்கிறாள். பழங்கதையின் பீடத்தையும் சடங்கையும் யூரிப்பிடீஸ் அப்படியே வைத்துக்கொண்டு, கொன்ற கையை மட்டும் மாற்றியிருக்கிறார். மரபை அறியாத ஒருவராலோ கூலிக்கு எழுதும் ஒருவராலோ செய்யக்கூடிய மாற்றம் அல்ல இது.

கொலைக்கு முன் அவள் பேசும் நீண்ட உரையை ஊன்றிப் படிக்காமல் மெடியாவைப் பற்றி யாரும் தீர்ப்புச் சொல்லக்கூடாது என்று நினைக்கிறேன். பிள்ளைகள் எதிரே நிற்கிறார்கள். ஏன் என்னை அப்படிப் பார்க்கிறீர்கள், ஏன் அந்தக் கடைசிச் சிரிப்பைச் சிரிக்கிறீர்கள் என்று கேட்கிறாள். வேண்டாம், என் திட்டம் ஒழியட்டும், இவர்களை அழைத்துக்கொண்டு போய்விடுகிறேன் என்கிறாள். உடனே, பகைவர்கள் என்னைப் பார்த்துச் சிரிப்பதா என்று திரும்புகிறாள். மறுபடியும் தளர்கிறாள், மறுபடியும் இறுகுகிறாள். அவர்களுடைய கைகளை முத்தமிடுகிறாள். அந்த மென்மையான தோலையும் குழந்தை மூச்சின் இனிமையையும் சொல்லிச் சொல்லி மாய்கிறாள். பிறகு, தான் செய்யப்போவது எவ்வளவு கொடியது என்பது தனக்குத் தெரியும் என்றும், தன் சினம் தன் யோசனைகளை வென்றுவிட்டது என்றும் வெளிப்படையாகச் சொல்கிறாள். பைத்தியம் பிடித்து அவள் இதைச் செய்யவில்லை. எந்தத் தெய்வமும் அவள் கண்ணைக் கட்டவில்லை.

அதே வாய்தான் நாடகத்தின் தொடக்கத்தில், கொரிந்துப் பெண்களிடம், ஒரு முறை பிள்ளை பெறுவதைவிட மூன்று முறை கேடயம் ஏந்திப் போர்முனையில் நிற்பேன் என்று சொன்னது. வரதட்சணை கொடுத்துக் கணவனை விலைக்கு வாங்கி, தன் உடம்புக்கும் அவனையே எஜமானனாக்கிக்கொள்ளும் பெண்ணின் நிலையை அவ்வளவு தெளிவாக எடுத்துரைத்த குரல் கிரேக்க மேடையில் வேறு இல்லை. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இங்கிலாந்தில் வாக்குரிமைக்குப் போராடிய பெண்கள் தங்கள் கூட்டங்களில் அந்த உரையை வாசித்தார்கள். அவர்கள் அதை வாசித்ததில் வியப்பில்லை. நியாயத்தின் பக்கம் இவ்வளவு உறுதியாக நின்ற ஒருத்தி இந்தக் கொலையையும் செய்தாள் என்பதுதான் யூரிப்பிடீஸ் நம் முன் வைக்கும் சிக்கல். நியாயத்தை மட்டும் எடுத்துக்கொண்டு கொலையை வேறு யார் தலையிலாவது கட்டிவிட்டால் சிக்கல் தீர்ந்துவிடும். கூடவே நாடகமும் தீர்ந்துவிடும்.

எதிர்த் திசையில் போனவர் ரோமானிய நாடகாசிரியர் செனெகா. அவருடைய மெடியா சூனியத்தில் ஊறியவள். ஒரு பிள்ளையை ஜேசனின் கண்ணெதிரிலேயே கூரையின்மேல் கொல்கிறாள். அச்சம் இருக்கிறது, தள்ளாட்டம் குறைவு. எனக்கு அவர் அவ்வளவாக ஒட்டவில்லை.

கிறிஸ்டா வோல்ஃப் அப்படி ஒதுக்கக்கூடியவர் அல்லர். கிழக்கு ஜெர்மனியில் வாழ்ந்து, அந்த நாடு மறைவதையும் கண்டு, 1990-களின் தொடக்கத்தில் ஜெர்மன் பத்திரிகைகளின் கடுமையான தாக்குதலுக்கு ஆளான அவர், 1996-இல் வெளியிட்ட நாவல் மெடியாவின் கதையை ஆறு குரல்களில் சொல்கிறது. அதில் மெடியா யாரையும் கொல்லவில்லை. கொரிந்து அரசன் தன் சொந்த மகளையே பலியிட்டு எலும்புகளைக் குகையில் மறைத்திருப்பதை அவள் கண்டுபிடித்துவிடுகிறாள். அதன்பின் நிலநடுக்கம், கொள்ளைநோய் என்று எது வந்தாலும் நகரம் அவளையே குற்றவாளியாக்குகிறது. பிள்ளைகளும் கூட்டத்தின் கல்லடியில் சாகிறார்கள். தன் குற்றத்தை மறைக்க ஓர் ஊர் அந்நியப் பெண் ஒருத்தியை எப்படிக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொலைகாரியாகச் செதுக்குகிறது என்பதை இதைவிட நுணுக்கமாக எழுதிய நாவலை நான் படித்ததில்லை. அந்த அளவில் அது பெரிய படைப்பு. ஆனால் யூரிப்பிடீஸைத் திருத்திய படைப்பாக அதை ஏந்திப் பிடிப்பதை நான் எதிர்க்கிறேன். வோல்ஃபின் மெடியா விவேகி, மருத்துவச்சி, நேர்மையானவள். அவளுக்காக நான் வருந்துகிறேன். அவளைக் கண்டு ஒருபோதும் நடுங்கவில்லை. அவளுக்கு எல்லாம் நேர்கின்றன. அவளாகச் செய்வதென்று எதுவும் மிஞ்சவில்லை.

என் பார்வையில் யூரிப்பிடீஸின் உண்மையான வாரிசு அமெரிக்க நாவலாசிரியர் டோனி மாரிசன். 1856 ஜனவரியில், கென்டக்கியிலிருந்து உறைந்து கிடந்த ஓஹையோ ஆற்றைக் கடந்து சின்சினாட்டிக்குத் தப்பி வந்தவர்களில் மார்கரெட் கார்னர் என்ற கறுப்பின அடிமைப் பெண்ணும் ஒருவர். அடிமை பிடிப்பவர்கள் வீட்டைச் சூழ்ந்தபோது, திரும்பவும் அடிமையாக விடுவதைவிட மேல் என்று இரண்டு வயது மகளைக் கத்தியால் கொன்றார். அவர்மீது கொலை வழக்குத் தொடுக்க வேண்டுமென்று வாதாடியவர்கள் அடிமைமுறையை எதிர்த்தவர்களே. கொலைக் குற்றம் சாட்டப்பட்டால், பொருளாக அல்லாமல் மனுஷியாக அவர் நீதிமன்றத்தில் நிற்பார் என்பதால். கடைசியில் அவர் உடைமைப் பொருளாகவே எஜமானரிடம் திருப்பி அனுப்பப்பட்டார். குற்றவாளியாக இருக்கும் உரிமைகூட அவருக்கு மறுக்கப்பட்டது என்பதை, மெடியாவின் கையிலிருந்து கொலையைப் பிடுங்க நினைப்பவர்கள் ஒரு கணம் எண்ணிப் பார்க்க வேண்டும்.

1867-இல் தாமஸ் சாட்டர்வைட் நோபிள் அந்தக் காட்சியை ஓவியமாக்கினார். 'நவீன மெடியா' என்ற பெயரில் அது பத்திரிகையில் அச்சாகிப் பரவியது. புராணத்துக்கு ஏற்றபடி அதில் இறந்து கிடப்பவை இரண்டு பிள்ளைகள். மார்கரெட் கார்னரின் கதையை அடியொற்றி மாரிசன் 1987-இல் 'பிலவட்' நாவலை எழுதியபோது கிரேக்கப் பெயரைத் தேடவில்லை. அவருடைய சேத்தி, பிள்ளையைக் கொன்றவள்தான். அந்த விறகுக் கொட்டகையில் நடந்ததை நாவல் எங்கும் மழுப்பவில்லை. அவள் ஏன் செய்தாள் என்பது நமக்கு முழுவதும் புரிகிறது. புரிந்தாலும், சரிதான் என்று சொல்ல வாய் வரவில்லை. யூரிப்பிடீஸின் நாடகத்தில், பிள்ளைகள் அலறும்போது உள்ளே போகலாமா என்று கேட்டுக்கொண்டே கதவுக்கு வெளியே நின்றுவிடுகிறார்கள் கொரிந்துப் பெண்கள். மாரிசனின் நாவலில், சேத்தியைப் பல ஆண்டுகளாக ஒதுக்கி வைத்த அண்டை அயல் பெண்கள் இறுதியில் அவள் வீட்டு வாசலுக்குக் கூட்டமாக வருகிறார்கள். அவர்களுள் முதன்மையான எல்லா என்பவள், சேத்தி செய்ததை அப்போதும் ஏற்கவில்லை. அவளை நிரபராதி என்று அறிவிக்காமலேயே அவளுக்காக வந்து நிற்க அந்தப் பெண்களால் முடிந்திருக்கிறது.