அரசு இல்லாத இடத்திலும் அரசியல் இருந்தது

ஐரோப்பியர் வந்து அரசை நிறுவும்வரை ஆப்பிரிக்காவில் அரசியலே கிடையாது, இன்றைய ஊழலும் அந்த இனக்குழு மரபின் எச்சமே என்று நண்பர் ஒருவர் எழுதியிருப்பது தவறு. மாலி, பெனின், அசாந்தி போன்ற பேரரசுகளை ஒதுக்கிவைத்தாலும், பொதுக் காரியங்களை யார், எப்படி முடிவு செய்வது என்பதற்கு மன்னரே இல்லாத சமூகங்களிலும் உறுதியான முறைகள் இருந்தன.

தென்கிழக்கு நைஜீரியாவின் இக்போ மக்களிடம் ஊர்ச்சபையும் வயதுக் குழுக்களும் பெண்களுக்கான தனிச்சபையும் இருந்தன. அத்துமீறிய ஆணின் வீட்டைப் பெண்கள் திரண்டு சூழ்ந்து, அவன் பணியும்வரை பாடி ஆடி அவனை வெட்கப்படுத்துவது அங்கே ஏற்கப்பட்ட தண்டனை. இதையெல்லாம் கணக்கில் கொள்ளாத பிரிட்டிஷ் நிர்வாகம், தானே ஆணைப்பத்திரம் கொடுத்துத் தலைவர்களை நியமித்தது. 1929 நவம்பரில், ஓலோகோ என்ற ஊரில், அப்படியொரு தலைவரின் ஆள் நுவான்யெருவா என்ற பெண்ணிடம் ஆடுகளையும் வீட்டு ஆட்களையும் எண்ணிச் சொல்லும்படி கேட்க, பெண்களுக்கும் வரி வரப்போகிறது என்ற செய்தி சந்தை வழியே பரவி, பல்லாயிரம் பெண்கள் எழுந்தனர். துப்பாக்கிச் சூட்டில் 50க்கும் மேற்பட்டோர் மாண்டனர். இது அரசியல் இல்லையென்றால், வேறு எது அரசியல்?

ஊழலைப் பற்றி: நைஜீரிய அறிஞர் பீட்டர் எக்கே 1975இல் காட்டியது நேர்மாறானது. சொந்தச் சமூகத்தின் பொதுவெளியில் கடமையுணர்வோடு நடந்துகொள்ளும் அதே மனிதர், காலனி ஆட்சி விட்டுச்சென்ற அரசை அந்நியமாகக் கருதி, அதிலிருந்து எடுப்பதைக் குற்றமாக நினைப்பதில்லை என்பதே அவர் வாதம்.