‘லெஃப்ட் சர்வீஸ்’ என்று நான் பதிந்தவர்கள்

திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனி ஆபீஸில் பதினோரு வருடம் பி.எஃப்., தொழிலாளர் காப்பீடான ஈ.எஸ்.ஐ. கணக்குப் பார்த்தேன். மாதாமாதம் 15-ஆம் தேதிக்குள், முந்தின மாதம் யாருக்கு எத்தனை நாள் சம்பளம் என்று ஈ.எஸ்.ஐ. இணையதளத்தில் ஏற்ற வேண்டும். ஒருவருக்குச் சம்பளமே இல்லையென்றால் காரணம் கேட்கும். கீழே ஒரு பட்டியல் விரியும். லீவு, ஓய்வு, இறப்பு, வேலைநிறுத்தம், ஆட்குறைப்பு, வேலை இல்லை என்று எல்லாமே அதில் இருக்கும். ஆனால் நான் அனேகமாகத் தேர்ந்தெடுத்தது ஒன்றைத்தான். ‘லெஃப்ட் சர்வீஸ்’. வேலையை விட்டுவிட்டார்.

கல்யாணமாகிப் போன பெண்ணுக்கும் அதுதான். ஷிப்டுக்கு இருபது ரூபாய் கூடக் கிடைக்கிறதென்று பக்கத்துக் கம்பெனிக்குப் போனவருக்கும் அதுதான். “ஆர்டர் இல்லைங்க, அடுத்த வாரம் சொல்லி அனுப்புறோம்” என்று நாங்களே வீட்டுக்கு அனுப்பியவர்களுக்கும் அதுதான்.

2025 ஆகஸ்ட் 27-இலிருந்து நம் சரக்குக்கு அமெரிக்கா போட்ட வரி 50 சதவீதம் ஆனது. எங்கள் கம்பெனிக்கு வந்த ஆர்டரில் பெரும்பங்கு அந்த நாட்டுடையது. ஒன்றரை ஷிப்ட் ஓடிய லைன் ஒரு ஷிப்ட் ஆனது, அப்புறம் வாரத்துக்கு மூன்று நாள் ஆனது. முதலில் டைலருக்குக் கூடமாட உதவும் கைமடிப் பெண்களை நிறுத்தினார்கள், அடுத்து செக்கிங். தீபாவளிக்குத் தன்பாத் ரயிலேறி ஊருக்குப் போன பையன்கள் பலரைத் திரும்பக் கூப்பிடவே இல்லை. எல்லோருக்கும் நான் அதே சொல்லைத்தான் பதிந்தேன். தை பிறப்பதற்குள் என் வேலையும் போனது.

அதற்கப்புறம் ஒருநாள் செக்கிங்கில் இருந்த ஒரு அக்கா வீட்டுக்கு வந்தார். பத்தொன்பது வருடம் அங்கே வேலை பார்த்தவர், வயது நாற்பத்தாறு. “ஏங்கண்ணு, மாசாமாசம் எங்க சம்பளத்துல புடிச்சீங்கள்ல, அதுல இப்ப ஏதாச்சும் வருங்களா?” என்று கேட்டார்.

வரும். வர வேண்டும். அடல் பீமித் வியக்தி கல்யாண் யோஜனா என்று வாயில் நுழையாத பெயரில் ஈ.எஸ்.ஐ.யில் ஒரு திட்டம் 2018 ஜூலையிலிருந்து இருக்கிறது. வேலை போனவருக்கு 90 நாள் வரை, வாழ்நாளில் ஒரு முறை, சராசரி தினச் சம்பளத்தில் ஒரு பங்கு கொடுப்பார்கள். முதலில் 25 சதவீதம் வைத்தார்கள், கொரோனா காலத்தில் அதை 50 ஆக்கினார்கள். மாதம் 14,000 ரூபாய் சம்பளமென்றால் ஈ.எஸ்.ஐ.க்குத் தொழிலாளியிடம் பிடிப்பது 105 ரூபாய், கம்பெனி போடுவது 455 ரூபாய். 50 சதவீதக் கணக்கில் மூன்று மாதத்துக்கு 20,000 ரூபாய்க்கு மேல் கைக்கு வரும். வீட்டு வாடகையும் பிள்ளையின் ஃபீஸும் கட்டிவிட்டு, பதறாமல் வேலை தேட அது போதும். இப்படி ஒன்று இருக்கிறதென்று அந்தப் பதினோரு வருடத்தில் நான் ஒருவருக்கும் சொன்னதில்லை. எனக்கு யாரும் அதைச் சொல்லச் சொல்லவும் இல்லை.

சரி, அக்காவை ஈ.எஸ்.ஐ. ஆபீஸுக்குக் கூட்டிக்கொண்டு போனேன். கணினியில் பார்த்துவிட்டு, நீங்கள் வேலையை விட்டதாகத்தானே இருக்கிறது, கம்பெனிதான் நிறுத்தியது என்று அவர்களிடம் லெட்டர் வாங்கி வாருங்கள் என்றார்கள். அக்கா என்னைத் திரும்பிப் பார்த்தார். அந்தச் சொல்லைப் பதிந்தது யார் என்று அவருக்குத் தெரியாது.

கம்பெனி அந்த லெட்டரைக் கொடுக்காது. முதலாளிகளைக் கெட்டவர்கள் என்று நான் சொல்லவில்லை. எங்கள் முதலாளியே ஒரு பவர் டேபிளில் உட்கார்ந்து தைத்து மேலே வந்தவர்தான். ஆட்குறைப்பு என்று எழுதினால் ஒரு மாத நோட்டீஸ், ஒரு வருடச் சர்வீஸுக்கு 15 நாள் சம்பளம் என்று இழப்பீடு கொடுக்க வேண்டும். பத்தொன்பது வருடத்துக்குக் கணக்குப் போட்டுப் பாருங்கள். ஆர்டரும் இல்லாமல், பேங்க் கடனும் கழுத்தை நெரிக்கும்போது அந்தச் சொல்லை எழுத யாருக்கும் கை வராது.

ஆனால் வேலையிழந்தவருக்கென்று அரசு வைத்திருக்கும் நல்ல ஏற்பாடுகள் பலவும் ஆட்குறைப்பு என்ற அந்தச் சொல்லுக்குப் பின்னால்தான் பூட்டிக் கிடக்கின்றன. 2025 நவம்பர் 21-இல் நடைமுறைக்கு வந்த புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்பில் மறுபயிற்சி நிதி என்று ஒன்று வருகிறது. ஆட்குறைப்பு செய்யப்பட்ட ஒவ்வொருவருக்கும் கம்பெனி 15 நாள் சம்பளத்தை அதில் கட்ட வேண்டும், 45 நாளுக்குள் அது தொழிலாளியின் கணக்குக்கு வர வேண்டும். படித்தபோது எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. அப்புறம் அந்தப் பட்டியல் நினைவுக்கு வந்தது. திருப்பூரில் ஆட்குறைப்பு என்று யார் பதியப்போகிறார்கள்?

நான் கேட்பது இதுதான். உதவித்தொகை கொடுப்பதற்குக் கம்பெனி சொல்லும் காரணத்தைப் பார்க்காதீர்கள். மாதாமாதம் கட்டும் ஈ.எஸ்.ஐ. சந்தா நின்றதா, வேறு கம்பெனி அந்த ஆளுக்குச் சந்தா கட்டுகிறதா, இரண்டையும் ஈ.எஸ்.ஐ.யின் கணினியே சொல்லிவிடும். ஒரு மாதம் சந்தா வராவிட்டால் தொழிலாளியின் போனுக்குத் தமிழிலும் இந்தியிலும் ஒரு செய்தி போகட்டும்: உங்களுக்கு வேலை இல்லையா, உதவி வேண்டுமா என்று. பி.எஃப்.பில் வேலையிலிருந்து வெளியேறிய தேதியைத் தொழிலாளியே பதியும் வசதி 2020-லேயே வந்துவிட்டது. இங்கே ஏன் முடியாது? ஏமாற்றுவார்கள் என்பார்கள். வாழ்நாளில் ஒரே ஒரு முறை கிடைக்கும் 90 நாள் பணத்துக்காகக் கையிலிருக்கும் வேலையை விடுகிற ஆளை நான் பார்த்ததில்லை. வேறு இடத்தில் சேர்ந்தால் அங்கே கட்டும் சந்தா காட்டிக்கொடுத்துவிடும், அன்றோடு நிறுத்திக்கொள்ளலாம்.

இந்தப் பணம் ஒரு பாதிதான். மறுபாதி திரும்ப வேலைக்குப் போவது, அதில் நாற்பது தாண்டியவர்களை யாருக்கும் நினைப்பில்லை. 2025 ஆகஸ்டில் தொடங்கிய மத்திய அரசின் வேலைவாய்ப்புத் திட்டத்தில் தொழிலாளி கைக்கு நேராக வரும் 15,000 ரூபாய் வரையிலான தொகை, முதன்முதலாக பி.எஃப்.பில் சேருகிறவருக்கு மட்டும். பத்தொன்பது வருடம் பிடித்தம் கொடுத்த அக்காவுக்கு அதில் ஒன்றுமில்லை. 2020-இல் வந்த திட்டம் இதைவிடப் பரவாயில்லை. கொரோனாவில் வேலையிழந்து திரும்பச் சேர்ந்தவர்களையும் கணக்கில் எடுத்து, அவர்களின் பி.எஃப். பங்கை அரசே கட்டியது. நம் மாநில அரசின் உதவித்தொகை பத்தாவது தேறியவருக்கு மாதம் 300 ரூபாய், பட்டதாரிக்கு 600. அதற்கும் வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்து ஐந்து வருடம் காத்திருக்க வேண்டும். 300 ரூபாய் ஒரு ஷிப்ட் சம்பளத்துக்குக்கூடக் காணாது. பயிற்சி என்று வரும் அறிவிப்புகளிலும் நான் பார்த்தவரை 18-லிருந்து 35 வயதுதான்.

அனுப்பர்பாளையத்தில் கேட்டுக்குக் கேட்டு ‘டைலர் தேவை’ என்று போர்டு தொங்குகிறது. அக்கா நான்கு இடத்தில் கேட்டார். தைக்கத் தெரியுமா என்றார்கள். கண்ணால் ஓட்டையும் கறையும் பார்த்தே அவருக்குப் பத்தொன்பது வருடம் போய்விட்டது, மிஷினில் உட்கார்ந்ததில்லை. இரண்டு மாதம் யாராவது ஓவர்லாக் மிஷினில் தைக்கச் சொல்லிக்கொடுத்து, அந்த இரண்டு மாதமும் வீட்டுச் செலவுக்கு அந்த ஈ.எஸ்.ஐ. பணம் வந்தால், அதே போர்டைப் பார்த்து அவர் உள்ளே போய்விடலாம். பணத்தையும் பயிற்சியையும் ஒரே மனுவில் கேட்க வழி வேண்டும் என்பது இதற்காகத்தான்.

அக்காவுக்காக ஒரு முறையீடு எழுதியிருக்கிறேன். அவர் விட்டுப் போகவில்லை, ஆர்டர் இல்லாமல் நிறுத்தினோம், தவறாகப் பதிந்தது நான்தான் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டிருக்கிறேன். அந்த மாதங்களில் நின்ற மற்றவர்களுக்கும் இதே மாதிரி எழுதித் தருகிறேன். 15 வேலம்பாளையம் பக்கம் இருப்பவர்கள் ஈ.எஸ்.ஐ. பத்து இலக்க எண்ணையும் ஆதார், பேங்க் பாஸ்புக் நகலையும் எடுத்துக்கொண்டு ஞாயிற்றுக்கிழமை வாருங்கள். காலை பத்து மணியிலிருந்து வீட்டில்தான் இருப்பேன்.